விடைத்தாள் எங்கே?



இன்றைய பேச்சு ஒரு காகிதத்தைப் பற்றியது. அது பரீட்சை எழுதிய விடைத்தாள். பிள்ளை எழுதிக் கொடுத்துவிட்டு வந்துவிடும். அதற்குப் பிறகு அந்தத் தாள் எங்கே போகிறது? யார் கையில் இருக்கிறது? எப்போது திரும்பி வரும்? இது பலருக்கும் தெரியாது. படித்தவர்களுக்கும் தெரியாது.

ஒரு தாயை நினைத்துக்கொள்ளுங்கள். திருவனந்தபுரம் சாலைக் கடைத்தெருவில் பூக்கட்டி விற்கிறாள். அவளுக்கு ஒரே மகள். மகள் பி.எஸ்.சி. கணக்கு படித்தாள். எல்லாப் பாடத்திலும் நல்ல மதிப்பெண். ஒரு பாடத்தில் மட்டும் நான்கு மதிப்பெண் குறைந்து தோல்வி. அந்தப் பாடத்தைத்தான் அவள் நன்றாக எழுதியிருந்தாள். "அம்மா, இது சரியில்ல. மறுபடி திருத்தச் சொல்லணும்" என்றாள் மகள். அக்ஷயா மையத்துக்குப் போய் மறுமதிப்பீட்டுக்கு விண்ணப்பம் போட்டார்கள். பணமும் கட்டினார்கள். ஒரு ரசீது கிடைத்தது. தாய் அதை மடித்து அரிசி டப்பாவுக்குள் வைத்தாள்.

ஒரு மாதம் போயிற்று. இரண்டு மாதம் போயிற்று. பி.எட். சேர விண்ணப்பிக்கும் நாள் நெருங்கியது. முடிவு வரவில்லை. பாளையத்தில் இருக்கும் பல்கலைக்கழக அலுவலகத்துக்கு மகள் நான்கு தடவை போய் வந்தாள். "அடுத்த வாரம் வா" என்றார்கள். அடுத்த வாரமும் அதையே சொன்னார்கள்.

ஒரு ராத்திரி தாய் டப்பாவைத் திறந்து ரசீதை எடுத்தாள். அவள் எழுதப் படிக்கக் கற்று ஆறு மாதம்தான் ஆகிறது. எழுத்துக் கூட்டி வாசித்தாள். பணம் கட்டிய தேதி இருந்தது. முடிவு வரும் தேதி இல்லை.

"என்ன மக்களே இது? பால்காரருக்கு ஒரு நாள் இருக்கு. சீட்டுப் பணத்துக்கு ஒரு நாள் இருக்கு. ஒரு நாள் தப்பினா நம்மகிட்ட ஃபைன் வாங்குறாங்க. இவங்களுக்கு மட்டும் நாள் கணக்கு இல்லையா?" என்று கேட்டாள்.

மகளுக்குப் பதில் தெரியவில்லை. இந்தத் தாய் கற்பனைதான். ஆனால் அவள் கேட்ட கேள்வி கற்பனை இல்லை. ஒவ்வொரு வருடமும் எத்தனையோ வீடுகளில் கேட்கிற கேள்வி. சட்டம் இதற்கு என்ன பதில் சொல்கிறது என்று பார்ப்போம்.

முதலில் கசப்பான ஒரு விஷயம். மறுமதிப்பீடு என்பது எல்லா மாணவருக்கும் தானாகவே கிடைக்கும் உரிமை அல்ல. 1984ல் மகாராஷ்டிர மாநிலத்துத் தேர்வு வாரியம் சம்பந்தமான ஒரு வழக்கு உச்ச நீதிமன்றத்துக்கு வந்தது. மறுமதிப்பீடு கிடையாது என்று அந்த வாரியம் விதி வைத்திருந்தது. அந்த விதி செல்லும் என்று நீதிமன்றம் சொல்லிவிட்டது. ஆயிரக்கணக்கான பேர் மறுபடி மறுபடி திருத்தச் சொன்னால் பரீட்சை முடிவு என்பதே முடிவுக்கு வராது என்பது நீதிபதிகளின் எண்ணம். 2004லும் பீகார் தேர்வாணைய வழக்கில் இதையே சொன்னார்கள். விதியில் இடம் இருந்தால் மறுமதிப்பீடு உண்டு. விதியில் இல்லாவிட்டால் இல்லை.

இதைக் கேட்டு மனம் தளர வேண்டாம். இதில் மாணவருக்குச் சாதகமான பக்கமும் இருக்கிறது. பல்கலைக்கழகமே மறுமதிப்பீட்டுக்கு விதி எழுதியிருக்கிறது. விண்ணப்பம் கேட்கிறது. பணம் வாங்குகிறது. அப்படியானால் அந்த வேலையைச் செய்து முடிப்பது அதன் கடமை ஆகிவிடுகிறது. பணத்தை வாங்கிக்கொண்டு, எப்போது முடியும் என்று சொல்ல மாட்டோம் என்று இருக்க முடியாது. பூக்காரத் தாய் கேட்டதும் இதைத்தான்.

தாமதம் ஏன் வருகிறது? அதையும் நியாயமாகப் பார்க்க வேண்டும். விடைத்தாளில் மாணவர் எண் தெரியாமல் வேறு ஒரு எண் போடுவார்கள். மறுமதிப்பீட்டுக்கு அந்தத் தாளைக் கட்டிலிருந்து தேடி எடுக்க வேண்டும். முதலில் திருத்தியவர் அல்லாத வேறு ஓர் ஆசிரியரிடம் கொடுக்க வேண்டும். இரண்டு மதிப்பெண்ணுக்கும் வித்தியாசம் மிக அதிகமானால், பல பல்கலைக்கழகங்களில் மூன்றாவது ஆசிரியரிடமும் போகும். ஆசிரியர்களுக்கு வகுப்பும் இருக்கிறது, அடுத்த பரீட்சையும் இருக்கிறது. ஆகவே கொஞ்ச நாள் ஆவது இயல்பு. ஆனால் அடுத்த படிப்பில் சேரும் காலமே தாண்டிப் போவதை இயல்பு என்று சொல்ல முடியாது.

தாமதம் எவ்வளவு தூரம் போகும் என்பதற்கு மும்பையைச் சொல்லலாம். 2017ல் மும்பைப் பல்கலைக்கழகம் விடைத்தாள்களைக் கம்ப்யூட்டர் திரையில் திருத்தும் முறையை அவசரமாகக் கொண்டுவந்தது. லட்சக்கணக்கான தாள்கள் தேங்கின. வெயில் காலத்தில் எழுதிய பரீட்சைக்கு மழைக்காலம் வந்தும் பலருக்கு முடிவு வரவில்லை. மாணவர்கள் ஹைகோர்ட் ஏறினார்கள். கடைசியில் அக்டோபர் மாதம் துணைவேந்தரையே ஆளுநர் பதவியிலிருந்து நீக்கினார்.

திருவனந்தபுரத்திலேயே ஒரு சம்பவம் உண்டு. அது மறுமதிப்பீடு அல்ல, முதல் திருத்தலிலேயே நடந்தது. கேரளப் பல்கலைக்கழகத்தின் எம்.பி.ஏ. மாணவர்கள் 2024 மே மாதம் மூன்றாம் செமஸ்டர் பரீட்சை எழுதினார்கள். அதில் ஒரு பாடத்தின் 71 விடைத்தாள்கள் காணாமல் போய்விட்டன. திருத்துவதற்காக வாங்கிக்கொண்டு போன ஆசிரியர், பைக்கில் போகும்போது வழியில் தொலைந்துவிட்டதாகச் சொன்னார். மாணவர்களுக்கு விஷயம் தெரிய வந்தது 2025 மார்ச் மாதக் கடைசியில். பரீட்சை எழுதிப் பத்து மாதம் ஆகியிருந்தது. மறுபடி பரீட்சை எழுத வாருங்கள், ஏப்ரல் 7ஆம் தேதி என்றது பல்கலைக்கழகம்.

யார் தவறு? மாணவர் தவறு அல்ல. தண்டனை யாருக்கு? மாணவருக்கு. ஒரு மாணவி இதை ஏற்கவில்லை. லோக் ஆயுக்தாவிடம் புகார் கொடுத்தார். அரசு அலுவலகங்களிலும் பல்கலைக்கழகங்களிலும் நடக்கும் நிர்வாகக் கேடுகளை விசாரிக்க 1999ஆம் வருடச் சட்டப்படி கேரளத்தில் இருக்கும் அமைப்பு அது. அலுவலகம் திருவனந்தபுரத்திலேயே இருக்கிறது. அந்த மாணவியை மறுபடி பரீட்சை எழுதச் சொல்ல வேண்டாம், சராசரி கணக்குப் பார்த்து மதிப்பெண் கொடுங்கள் என்று லோக் ஆயுக்தா உத்தரவிட்டது. 71 பேரில் ஒருவர் கேட்டார். கேட்டவருக்கு வழி பிறந்தது.

சரி, பூக்காரத் தாயின் மகள் இப்போது என்ன செய்ய வேண்டும்?

அலுவலகத்துக்கு நான்கு தடவை போனாள் அல்லவா? அந்த நான்கு தடவைக்கும் ஒரு சாட்சியும் இல்லை. வாயால் கேட்டாள், வாயால் பதில் சொன்னார்கள். காற்றோடு போயிற்று. நாளைக்கு நீதிமன்றம் கேட்டால் காட்ட ஒரு துண்டுக் காகிதம் இல்லை. ஆகவே முதல் வேலை, எழுதிக் கொடுப்பது. தேர்வுக் கட்டுப்பாட்டு அலுவலர் பெயருக்கு ஒரு மனு. பெரிய ஆங்கிலம் எல்லாம் வேண்டாம். மலையாளத்திலேயே எழுதலாம். அரைப் பக்கம் போதும். என் பதிவு எண் இது. இந்தப் பாடத்துக்கு இந்தத் தேதியில் மறுமதிப்பீட்டுப் பணம் கட்டினேன், ரசீது எண் இது. இதுவரை முடிவு வரவில்லை. பி.எட். சேர்க்கைக்குக் கடைசித் தேதி இது. அதற்கு முன் முடிவைத் தர வேண்டுகிறேன். இவ்வளவுதான். கூடவே ரசீதின் ஜெராக்ஸ்.

மனுவை இரண்டு பிரதி எடுக்க வேண்டும். ஒன்றைக் கொடுத்துவிட்டு, மற்றதில் சீலும் தேதியும் வாங்க வேண்டும். சீல் போட மறுத்தால் சண்டை வேண்டாம். தபால் ஆபீஸுக்குப் போய் ஸ்பீட் போஸ்டில் அனுப்பி, அந்தச் சீட்டைப் பத்திரமாக வைத்தால் போதும். ஹைகோர்ட்டுக்குப் போனாலும் முதலில் கேட்கும் கேள்வி, "எழுதிக் கேட்டீர்களா?" என்பதுதான்.

அதே நாளில் மறுமதிப்பீட்டு விதியையும் தேடிப் பார்க்க வேண்டும். விண்ணப்பத்துக்கு வந்த அறிவிப்பிலோ பல்கலைக்கழகத்தின் இணையதளத்திலோ இருக்கும். எத்தனை நாளில் முடிக்க வேண்டும் என்று அதில் சொல்லியிருக்கிறதா? சொல்லியிருந்தால் அந்த வரியை மனுவிலேயே எழுதிவிடலாம். ஒவ்வொரு பல்கலைக்கழகத்துக்கும் விதி வேறு. பக்கத்து வீட்டுப் பையனுக்கு வேறு பல்கலைக்கழகத்தில் கிடைத்த கணக்கு இங்கே பொருந்தாது.

இன்னொரு விஷயத்தைப் பலர் மறந்துவிடுகிறார்கள். மறுமதிப்பீட்டு முடிவு வரும் என்று காத்திருந்து, அடுத்த சப்ளிமென்டரி பரீட்சைக்குப் பணம் கட்டாமல் விட்டுவிடுகிறார்கள். பிறகு முடிவிலும் மாற்றம் இல்லை என்று வந்தால், இரண்டும் போச்சு. பணம் இரட்டைச் செலவுதான். நியாயம் இல்லைதான். ஆனாலும் கட்டி வைப்பதே நல்லது. ஒரு வருடத்தை விட அந்தப் பணம் பெரிதல்ல.

மனுவுக்குப் பதில் இல்லை என்றால் அடுத்தது குறைதீர்ப்புக் குழு. பல்கலைக்கழக மானியக் குழு, அதாவது யு.ஜி.சி., 2023 ஏப்ரல் மாதம் ஒரு விதி வெளியிட்டது. அதன்படி ஒவ்வொரு கல்லூரியிலும் பல்கலைக்கழகத்திலும் மாணவர் குறைதீர்ப்புக் குழு இருக்க வேண்டும். பரீட்சை முடிவைச் சொன்ன காலத்தில் வெளியிடாமல் தாமதிப்பதும் ஒரு குறைதான் என்று அந்த விதியிலேயே எழுதியிருக்கிறது. புகார் வந்த 15 வேலை நாளுக்குள் குழு தன் முடிவைச் சொல்ல வேண்டும். அதிலும் திருப்தி இல்லை என்றால் 15 நாளுக்குள் ஓம்புட்ஸ்பர்சன் என்ற அதிகாரியிடம் மேல்முறையீடு செய்யலாம். ஓய்வுபெற்ற துணைவேந்தரோ பேராசிரியரோ மாவட்ட நீதிபதியோ அந்தப் பதவியில் இருப்பார். அவர் 30 நாளுக்குள் தீர்க்க வேண்டும்.

இங்கே ஒரு கவனம். "எனக்கு மதிப்பெண் கூட்டிக் கொடுங்கள், மறுபடி திருத்தச் சொல்லுங்கள்" என்று மட்டும் ஓம்புட்ஸ்பர்சனிடம் போனால் எடுக்க மாட்டார். முடிவையே மாற்றக்கூடிய முறைகேடு இன்னது நடந்தது, அல்லது பாகுபாடு காட்டினார்கள் என்று குறிப்பாகச் சொல்ல வேண்டும். நம் பூக்காரத் தாயின் மகளுக்கு இந்தத் தடை வராது. அவள் புகார் மதிப்பெண்ணைப் பற்றியது அல்ல. தாமதத்தைப் பற்றியது.

தகவல் அறியும் உரிமைச் சட்டம் பற்றிக் கேள்விப்பட்டிருப்பீர்கள். 2005ல் வந்தது. கட்டணம் 10 ரூபாய். வறுமைக் கோட்டுக்குக் கீழே உள்ளவர்களுக்கு அதுவும் இல்லை. எழுத முடியாதவர் வாயால் சொன்னால், அதை எழுத்தில் கொண்டுவர அதிகாரி உதவி செய்ய வேண்டும் என்றும் சட்டத்தில் இருக்கிறது. இப்படி எழுதிவைத்தவர்களைப் பாராட்டத்தான் வேண்டும்.

இந்தச் சட்டத்தில் எதைக் கேட்பது? சிலர் "ஏன் தாமதம்? யார் பொறுப்பு? இது நியாயமா?" என்று கேட்பார்கள். இது தகவல் அல்ல, சண்டை. பதில் வராது. தேதியைக் கேட்க வேண்டும், எண்ணைக் கேட்க வேண்டும். என் விடைத்தாளை மறுமதிப்பீட்டுக்கு அனுப்பிய தேதி என்ன? திரும்பி வந்த தேதி என்ன? மறுமதிப்பீட்டை முடிக்க விதியில் உள்ள நாள் எத்தனை? இப்படிக் கேட்டால் மழுப்ப முடியாது. 30 நாளுக்குள் பதில் தர வேண்டும். தராவிட்டால் அடுத்த 30 நாளுக்குள் மேலதிகாரியிடம் முதல் மேல்முறையீடு. அங்கேயும் நடக்காவிட்டால் 90 நாளுக்குள் மாநிலத் தகவல் ஆணையம். தக்க காரணம் இல்லாமல் தாமதித்த அதிகாரிக்கு நாள் ஒன்றுக்கு 250 ரூபாய் அபராதம் போட ஆணையத்துக்கு அதிகாரம் உண்டு. அபராதம் 25,000 ரூபாய் வரை போகலாம்.

திருத்திய விடைத்தாளையே கேட்டு வாங்கலாம் என்பது பலருக்குத் தெரியாது. 2011 ஆகஸ்ட் 9ஆம் தேதி உச்ச நீதிமன்றம் அப்படித் தீர்ப்புச் சொன்னது. சி.பி.எஸ்.இ. வாரியம் சம்பந்தமான வழக்கு அது. மாணவர் தன் விடைத்தாளைப் பார்க்கலாம், நகல் வாங்கலாம் என்றார்கள். இதனால் ஒரு லாபம் உண்டு. சில நேரம் கூட்டலிலேயே பிழை இருக்கும். ஒரு பக்கம் திருத்தாமலே விட்டிருப்பார்கள். கண்ணால் பார்த்தால் தெரிந்துவிடும். ஆனால் விடைத்தாள்களைக் குறிப்பிட்ட காலம்தான் வைத்திருப்பார்கள். பிறகு அழித்துவிடுவார்கள். அழித்த பிறகு கேட்டால் கிடைக்காது. திருத்தியவர் பெயரைக் கேட்டாலும் கிடைக்காது. 2016ல் கேரள பி.எஸ்.சி. வழக்கில் உச்ச நீதிமன்றம் அதை மறுத்துவிட்டது. திருத்தியவர் வீட்டு வாசலில் போய் யாரும் நிற்கக் கூடாது அல்லவா?

சிலர் நுகர்வோர் நீதிமன்றத்துக்குப் போகச் சொல்வார்கள். பணம் வாங்கினார்கள், வேலை செய்யவில்லை, ஆகவே நஷ்ட ஈடு கேள் என்பார்கள். கேட்க நன்றாக இருக்கும். ஆனால் அந்தக் கதவு மூடியிருக்கிறது. பீகாரில் பள்ளித் தேர்வு வாரியம் ஒரே எண்ணை இரண்டு மாணவர்களுக்குக் கொடுத்துவிட்டது. ஒரு பையனின் முடிவு வரவே இல்லை. அவன் தந்தை நுகர்வோர் மன்றத்துக்குப் போனார். நஷ்ட ஈடு கொடுக்கச் சொல்லி அங்கே உத்தரவும் ஆயிற்று. ஆனால் 2009ல் உச்ச நீதிமன்றம் அதை ரத்து செய்துவிட்டது. பரீட்சை நடத்துவது வியாபாரச் சேவை அல்ல, மாணவர் நுகர்வோர் அல்ல என்றது. இந்தத் தீர்ப்பு மாணவருக்கு வருத்தம் தருவதுதான். ஆனால் தெரிந்துகொண்டால் வீண் அலைச்சல் மிச்சம்.

இன்னும் சிலர் காதோடு காதாக ஒன்று சொல்வார்கள். "உள்ளே ஆள் இருக்கு. கொஞ்சம் செலவு பண்ணினா உடனே நடக்கும்" என்பார்கள். அந்தப் பக்கமே போகாதீர்கள். சென்னை அண்ணா பல்கலைக்கழகத்தில் 2017 ஏப்ரல், மே பரீட்சைக்குப் பிறகு 3,02,380 பேர் மறுமதிப்பீடு கேட்டார்கள். அதில் பணம் வாங்கிக்கொண்டு மதிப்பெண் போட்டார்கள் என்று 2018ல் லஞ்ச ஒழிப்புத் துறை வழக்குப் போட்டது. அப்படி ஒரு வழக்கு வந்தால் நேர்மையாகத் தேறிய பிள்ளையையும் ஊர் சந்தேகமாகப் பார்க்கும்.

எல்லா வழியும் பார்த்தாயிற்று, சேர்க்கைத் தேதி நெருங்கிவிட்டது என்றால், ஹைகோர்ட். அரசியல் சட்டத்தின் 226ஆம் பிரிவு. அதன்படி "உன் கடமையைச் செய்" என்று ஓர் அமைப்புக்கு ஹைகோர்ட் கட்டளை போடலாம். வக்கீல்கள் இதை மாண்டமஸ் என்பார்கள். இத்தனை வாரத்துக்குள் மறுமதிப்பீட்டை முடித்து முடிவைச் சொல் என்று நீதிபதி உத்தரவிடலாம். அதுவரை பி.எட். இடத்தைக் காலியாக வைக்கவோ, தற்காலிகமாகச் சேர்த்துக்கொள்ளவோ உத்தரவு கேட்கலாம். கேட்கலாம் என்றுதான் சொல்ல முடியும். கிடைக்கும் என்று யாரும் உறுதி தர முடியாது. நீதிபதி தாமே தாளைத் திருத்தி மதிப்பெண் போட மாட்டார். அது ஆசிரியர் வேலை என்று விட்டுவிடுவார். நீதிமன்றம் தருவது தேதி. நம் தாய் கேட்டதும் அந்தத் தேதியைத்தானே?

ஹைகோர்ட்டுக்குப் போவதானால் காலம் தாழ்த்தக் கூடாது. சேர்க்கை முடிந்து இரண்டு மாதம் கழித்துப் போனால், "இத்தனை நாள் என்ன செய்தாய்?" என்ற கேள்வி நம் பக்கம் திரும்பிவிடும்.

கேரள ஹைகோர்ட் எர்ணாகுளத்தில் இருக்கிறது. திருவனந்தபுரத்திலிருந்து சுமார் 200 கிலோமீட்டர். தலைநகரத்தில் ஹைகோர்ட் கிளை இல்லை. வேண்டும் என்று பல காலமாகக் கேட்டு வருகிறார்கள். பூக்கடையை மூடிவிட்டு எர்ணாகுளம் போக வேண்டும், வக்கீலுக்குப் பணம் வேண்டும் என்றால் தாய்க்கு மலைப்பாகத்தான் இருக்கும். அதற்கும் ஒரு சட்டம் இருக்கிறது. 1987ஆம் வருடத்துச் சட்டப் பணிகள் சட்டம். அதன்படி பெண்களுக்கும், பட்டியல் சாதி, பழங்குடி மக்களுக்கும், ஊனமுற்றோருக்கும் இலவசமாக வக்கீல் உதவி கிடைக்கும். வருமானம் எவ்வளவு என்று பார்ப்பதில்லை. மகள் ஒரு பெண். அது ஒன்றே போதும். மற்றவர்களுக்கு வருமான வரம்பு உண்டு.

திருவனந்தபுரத்தில் வஞ்சியூர் கோர்ட் வளாகத்தில் மாவட்டச் சட்டப் பணிகள் ஆணையம் இருக்கிறது. அங்கே போய்க் கேட்டால், ஹைகோர்ட்டில் உள்ள சட்ட உதவிக் குழுவுக்கு எப்படி மனு அனுப்புவது என்று சொல்வார்கள். போனில் கேட்க 15100 என்ற எண் உண்டு. போகும்போது ரசீது, மனுவின் சீல் போட்ட பிரதி, ஸ்பீட் போஸ்ட் சீட்டு, மதிப்பெண் பட்டியல், பி.எட். சேர்க்கை அறிவிப்பு எல்லாவற்றையும் ஒரு கவரில் போட்டுக் கொண்டுபோக வேண்டும். தாய் மட்டும் போனால் போதாது, மகளும் கூடப் போக வேண்டும். அவளுக்குப் பதினெட்டு வயது தாண்டிவிட்டது. மனுவில் கையெழுத்துப் போட வேண்டியது அவள்தான்.